அவளுக்கு என்ன குறைச்சல்?

*அடுத்த வீட்டை அளவுகோலாக வைத்துத் தன் மணவாழ்வை எடைபோடும் பழக்கம், வேலூர் - ஆம்பூர் வட்டாரத்து வீடுகளை என்ன செய்கிறது? சோளிங்கரிலிருந்து ஒரு சிறப்புப் பார்வை.*

கார்த்திகை மாத ஞாயிற்றுக்கிழமைகளில் சோளிங்கரில் கால் வைக்க இடம் இருக்காது. ஆண்டு முழுவதும் யோகத்தில் கண்மூடி அமர்ந்திருக்கும் நரசிம்மர் இந்த ஒரு மாதம் கண் திறந்து பார்க்கிறார் என்பது நம்பிக்கை. பெரிய மலைக்கு 1,305 படிகள். எதிரே சின்ன மலையில் இருக்கும் யோக ஆஞ்சநேயரைப் பார்க்க 406 படிகள். 2024-இல் பெரிய மலைக்கு ரோப் கார் வந்துவிட்டது. ஆனாலும் வேண்டுதல் உள்ளவர்கள் படியேறித்தான் போகிறார்கள். படிக்குப் படி மஞ்சளும் குங்குமமும் வைத்துக்கொண்டு ஏறும் பெண்கள், தோளில் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பின்னால் வரும் கணவர்கள், மூச்சு வாங்க நடுப்படியில் உட்கார்ந்துவிடும் மாமியார்கள்.

108 திவ்ய தேசங்களில் ஒன்றான இந்தத் திருக்கடிகைக்கு இன்னொரு பெயரும் உண்டு: மனக்கலக்கம் தீர்க்கும் தலம். கீழே தக்கான் குளத்தில் முழுகி, ஈரத்துணியோடு மலையேறி, சிலர் நாட்கணக்கில் இங்கேயே தங்கிவிடுகிறார்கள். என்ன குறை என்று கேட்டால், “மனசு சரியில்ல” என்ற பதில்தான் வரும். தீவிர மனநோய், கழுத்தை நெரிக்கும் கடன், ஊமையாகிப்போன மணவாழ்வு என எல்லாமே அந்தப் பதிலுக்குள் அடங்கிவிடும். நோயையும் கடனையும்கூட ஒரு கட்டத்தில் வெளியே சொல்லிவிடலாம். “எனக்கும் என் வீட்டுக்காரருக்கும் நடுவுல ஒண்ணுமே இல்ல” என்று சொல்லத்தான் நம் குடும்பங்களில் இடமே கிடையாது.

சொல்ல இடமில்லாத குறை வேறு வேடம் போட்டு வரும். தலைவலியாக வரும், தூக்கமின்மையாக வரும். எல்லாவற்றையும்விட அதிகமாக, அடுத்த வீட்டைப் பற்றிய பேச்சாக வரும். “அவளுக்கு இன்னா கொறச்சல்?” என்ற கேள்வி காதில் விழாத தெரு இந்த வட்டாரத்தில் இல்லை.

நான்கு வீடுகள்

சோளிங்கரையும் அதன் சுற்றுப்புறத்தையும் தெரிந்தவர்களுக்கு இங்கே நான்கு விதமான வீடுகள் தெரியும்.

முதலாவது, தறி வீடு. குருவராஜப்பேட்டைப் பக்கம் போனால் தறிச் சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். கணவனும் மனைவியும் ஒரே கூரையின் கீழ் வேலை பார்க்கும் வீடு இது. அவர் தறியில் இருந்தால் இவர் நூல் சுற்றுவார். கூலி, நெய்த அளவுக்கு. பாவு வரவில்லையென்றால் அடுப்பும் காத்திருக்க வேண்டும். அந்த வீட்டுப் பெண் ஆசையோடு பார்ப்பது கம்பெனிக்காரர் வீட்டை. மாதம் பிறந்தால் சம்பளம், தீபாவளிக்கு போனஸ், பி.எஃப்., இ.எஸ்.ஐ.

இரண்டாவது, அந்தக் கம்பெனி வீடு. சோளிங்கரில் பிரேக்ஸ் இந்தியா போன்ற பெரிய தொழிற்சாலைகள் இருக்கின்றன. நிரந்தர வேலை கிடைத்தவருக்குப் பெண் கொடுக்கப் போட்டி உண்டு. ஆனால் ஷிஃப்ட் வேலையின் விலையை மனைவிதான் கொடுக்கிறார். நைட் ஷிஃப்ட் முடித்தவர் பகலில் தூங்க வேண்டும். பிள்ளைகள் வாயைப் பொத்திக்கொண்டு விளையாட வேண்டும். ஒரே வீட்டில் இருவரும் வேறு வேறு கடிகாரத்தில் வாழ்கிறார்கள். அந்தப் பெண் தறி வீட்டைப் பார்த்துப் பெருமூச்சு விடுகிறார்: “கஞ்சியோ கூழோ, ரெண்டு பேரும் ஒண்ணா உக்காந்து சாப்புடுறாங்க.”

மூன்றாவது, ஷூ கம்பெனிக்குப் போகும் பெண்ணின் வீடு. ராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கத்துத் தொழிற்சாலைகளில் அப்பர் தைக்கும் வரிசைகளில் உட்கார்ந்திருப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். விடிவதற்குள் சமைத்து, பிள்ளைகளுக்கு டப்பா கட்டி, கம்பெனி பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறார்கள். இருட்டியபின் திரும்பி வந்தால் பாத்திரம் காத்திருக்கும். சம்பளத்தில் பாதி குழு லோனுக்கும் சீட்டுக்கும் போய்விடும். வீட்டில் இருக்கும் பெண்ணுக்கு இவர் கையில் இருக்கும் பர்ஸ்மேல் கண். இவருக்கோ மதியம் ஒரு மணி நேரம் கண்ணயர முடிகிற அந்தப் பெண்ணின்மேல் கண்.

நான்காவது, வெளிநாட்டு வீடு. துபாயிலோ சவூதியிலோ கணவர். மாடி எழும்பியிருக்கும், வாசலில் கிரானைட் மின்னும், கழுத்தில் புதுச் சங்கிலி இருக்கும். தெருவில் எல்லோருடைய பொறாமையும் வந்து சேரும் வீடு அது. உள்ளே மாமனார் மாமியாரோடு இருக்கும் அந்தப் பெண்ணுக்கு, பிள்ளைக்கு நள்ளிரவில் காய்ச்சல் வந்தால் எழுப்ப ஆள் இல்லை. வீடியோ காலில் தெரியும் முகத்திடம் சண்டைகூடப் போட முடியாது. பத்து நிமிடப் பேச்சைச் சண்டையில் வீணாக்கக்கூடாதே என்று வாயை மூடிக்கொள்கிறார்.

தறி வீடு கம்பெனி வீட்டைப் பார்க்கிறது, கம்பெனி வீடு தறி வீட்டைப் பார்க்கிறது. இரண்டும் சேர்ந்து துபாய் வீட்டை அண்ணாந்து பார்க்கின்றன. துபாய் வீட்டுப் பெண்ணோ, சாயங்காலம் ஆறு மணிக்கு வீடு திரும்பும் எந்த ஆணைப் பார்த்தாலும் ஏங்குகிறார். இந்தச் சுற்றில் உச்சியில் நின்று நிம்மதியாகக் கீழே பார்க்கிறவர் என்று ஒருவர்கூட இல்லை.

ஆண்களும் இதில் சேர்த்திதான். “அவன் பொண்டாட்டி சம்பாதிச்சுப் போடுறா” என்பார் ஒருவர். “அவன் பொண்டாட்டி எதிர்த்து ஒரு வார்த்தை பேச மாட்டா” என்பார் இன்னொருவர். இருவரும் குறிப்பிடுவது ஒரே பெண்ணாகக்கூட இருக்கலாம். பெண்களின் ஏக்கத்துக்குக் குழாயடியும் கம்பெனி பஸ்ஸும் இருக்கின்றன. ஆண்களின் ஏக்கம் பெரும்பாலும் டாஸ்மாக் கடையில் போய்க் கரைகிறது. அங்கிருந்து வீட்டுக்கு வரும்போது அது கோபமாக மாறியிருக்கிறது.

வாசல் மட்டும் தெரிகிறது

நாம் பொறாமைப்படுவது அம்பானியின் மேல் இல்லை. நம்மோடு பள்ளியில் படித்தவர், நம் தெருக்காரர், நம் ஓரகத்தி மேல். அமெரிக்க உளவியலாளர் லியோன் ஃபெஸ்டிங்கர் 1954-இல் முன்வைத்த சமூக ஒப்பீட்டுக் கோட்பாடு இதற்குக் காரணம் சொல்கிறது. ஒரு விஷயத்தை அளக்கத் திட்டமான அளவுகோல் இல்லாதபோது மனிதர்கள் தங்களைப் போன்றவர்களோடு ஒப்பிட்டே தங்களை அளக்கிறார்கள். மண நிறைவுக்கு ஏது தராசு? அதனால் கண் அடுத்த வீட்டுக்குப் போகிறது.

போகும் கண்ணுக்கு அங்கே வாசல் மட்டுமே தெரிகிறது. ஸ்டான்ஃபோர்டில் அலெக்ஸாண்டர் ஜோர்டனும் சக ஆய்வாளர்களும் மாணவர்களிடம் நடத்திய ஆய்வு 2011-இல் வெளியானது. சக மாணவர்கள் எத்தனை துயரங்களைச் சந்திக்கிறார்கள் என்று கேட்டபோது, பெரும்பாலோர் உண்மையைவிடக் குறைவாகவே கணித்தார்கள். காரணம் எளிது: மனிதர்கள் அழுவது தனிமையில், சிரிப்பது கூட்டத்தில். மற்றவர்களின் துயரத்தைக் குறைத்துக் கணித்தவர்கள் தனிமையுணர்வால் அதிகம் வாடினார்கள் என்பதையும் அந்த ஆய்வு கண்டது. அடுத்தவர் வீட்டில் அழுகை இல்லை என்று நம்புகிறவருக்குத் தன் வீட்டு அழுகை இன்னும் கனக்கிறது.

நம் தெருக்களுக்கு இது புதுச் செய்தி இல்லை. கல்யாண மண்டபத்தில் பட்டுப்புடவையோடு சிரித்துக்கொண்டே பந்தி விசாரித்த பெண், மறுநாள் பெட்டியோடு தாய் வீட்டுக்கு வந்து நின்ற கதை எல்லாக் குடும்பத்திலும் ஒன்றாவது இருக்கும். வாரமலரில் அனுராதா ரமணன் ‘அன்புடன் அந்தரங்கம்’ பகுதியில் வாசகர்களின் சொந்தத் துயரங்களுக்குப் பதில் எழுதிவந்த காலத்தில், வீடுவீடாக அதைத்தான் முதலில் புரட்டினார்கள். தெருவில் யாரும் காட்டாத பாதியை முன்பின் தெரியாத எழுத்தாளர் ஒருவரிடம் மனிதர்கள் கொட்டினார்கள். படித்தவர்களுக்குக் கிடைத்த ஆறுதல், நம் வீடு மட்டும் இப்படி இல்லை என்பது.

அந்த ஆறுதலையும் கைப்பேசி இப்போது பறித்துவிட்டது. 2020 ஜூன் இறுதியில் டிக்டாக் தடை செய்யப்பட்டது. ஜூலை மாதமே இன்ஸ்டாகிராம் ரீல்ஸ் இந்தியாவுக்கு வந்தது. திருமண நாளுக்குக் கணவர் தரும் ‘சர்ப்ரைஸ்’, ஏலகிரிக்குப் பைக்கில் போகும் ஜோடி, சமையலறையில் மனைவிக்கு வெங்காயம் நறுக்கும் கணவன் என முப்பது முப்பது வினாடிகளாக வாழ்க்கை ஓடுகிறது. முன்பு ஒப்பிட ஒரு தெருதான் இருந்தது. அந்தத் தெருவில் எந்த வீட்டில் என்ன சத்தம் கேட்கும் என்பதாவது தெரிந்தது. ரீல்ஸில் வரும் வீட்டுக்கு அக்கம்பக்கமே இல்லை.

டெக்சஸைச் சேர்ந்த உளவியலாளர் ரோலண்ட் மில்லர் 1997-இல் வெளியிட்ட ஆய்வு இன்னொரு பக்கத்தைக் காட்டியது. தங்கள் உறவில் நிறைவும் பிடிப்பும் உள்ளவர்கள், கவர்ச்சியான மாற்று ஆட்களை அவ்வளவாகக் கவனிப்பதே இல்லை. ஆகவே அடுத்த வீட்டையே கண் நாடிக்கொண்டிருந்தால் அதை ஒரு காய்ச்சல்போலக் கொள்ளலாம்: உள்ளே ஏதோ சரியில்லை என்று உடம்பு சொல்லும் சேதி. சேதி சொன்னதற்காக அந்தப் பெண்ணையோ ஆணையோ பேராசைக்காரர் என்று திட்டுவதில் பயனில்லை.

கோவலன் கண்ட மேடை

மேடையைப் பார்த்து மனம் பறிகொடுத்தவனின் கதையைத் தமிழ் முதல் காப்பியமாகவே வைத்திருக்கிறது. கோவலன் மாதவியை அரங்கில் கண்டான். ஆயிரத்தெட்டுக் கழஞ்சுப் பொன் மதிப்புள்ள மாலையை வாங்கி அவள் வீட்டுக்குப் போனான். தன் வீட்டில் இல்லாத ஒன்று அங்கே இருப்பதாக அவன் நம்பியிருக்க வேண்டும். மாதவியின் வீடும் கடைசியில் இன்னொரு வீடாகத்தான் இருந்தது. இந்திர விழாவின் முடிவில் புகார்க் கடற்கரையில் அவன் ஒரு பாட்டைப் பாட, அவன் மனம் வேறொருத்தியிடம் இருப்பதாக அவள் நினைத்தாள். அவள் பதிலுக்குப் பாட, அவள் மனம் வேறொருவனிடம் இருப்பதாக அவன் நினைத்தான். யாரும் யாரையும் நேராகக் கேட்கவில்லை. எழுந்து போய்விட்டான்.

கண்ணகியின் பக்கத்தையும் பார்க்க வேண்டும். தோழி தேவந்தி அவளிடம், சோமகுண்டத்திலும் சூரியகுண்டத்திலும் முழுகிக் காமவேளை வணங்கினால் கணவன் திரும்புவான் என்கிறாள். அது பெருமை தருவது ஆகாது என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். அந்த மறுப்பில் எவ்வளவு மானம் இருக்கிறதோ அவ்வளவு பேசாத வலியும் இருக்கிறது. பின்னால் மதுரையில், ஆயர் குடிசையில், அவள் சமைத்துப் போட்ட சோற்றை உண்டபின், கோவலன் தான் செய்த தவறுகளை வாய்விட்டுச் சொல்கிறான். அவன் நடந்துகொண்ட விதம் போற்றத்தக்கதல்ல என்று கண்ணகியும் நேராகவே சொல்கிறாள். கணவனும் மனைவியும் மனம் திறந்து பேசிக்கொண்ட அந்த உரையாடல், அவன் சிலம்பு விற்கக் கிளம்பும் நாளில்தான் நடக்கிறது. சிலப்பதிகாரத்தில் அரசன் தவறிய நீதியைப் பற்றி நிறையப் பேசிவிட்டோம். தாமதமாக நடந்த இந்தப் பேச்சைப் பற்றியும் பேச வேண்டும்.

எல்லா வீட்டிலும் இருக்கிறதா?

“அவளுக்கு இன்னா கொறச்சல்?” என்ற ஏக்கத்துக்கு ஊர் வைத்திருக்கும் மருந்து ஒன்று உண்டு. தாய் வீட்டுக்கு அழுதுகொண்டு வரும் பெண்ணிடம் அம்மாவும் அத்தையும் சொல்வது: “எல்லா வூட்லயும் இருக்குறதுதான். அட்ஜஸ்ட் பண்ணிக்கோ.”

இதுவும் அடுத்த வீட்டு அளவுகோல்தான். முதல் பேச்சு, அடுத்த வீடு சொர்க்கம் என்று சொல்லித் தன் வீட்டை நரகமாக்குகிறது. இரண்டாவது பேச்சு, அடுத்த வீடும் நரகம்தான் என்று சொல்லித் தன் வீட்டு நரகத்தை இயல்பாக்குகிறது. இரண்டிலும் தன் வீட்டில் உண்மையில் என்ன நடக்கிறது என்ற கேள்வி காணாமல் போகிறது.

அந்தக் கேள்வியைக் கேட்டே ஆகவேண்டிய வீடுகள் குறைவல்ல. 2019-21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 18 முதல் 49 வயதுக்குட்பட்ட, திருமணமான பெண்களில் சுமார் 38 சதவீதம் பேர் கணவரின் வன்முறையை அனுபவித்திருக்கிறார்கள். பத்தில் ஏறக்குறைய நான்கு பேர். அடி வாங்கும் பெண்ணிடம் “மத்தவங்க வாழ்க்கையைப் பார்த்து ஏங்காதே” என்று உபதேசம் செய்வது கொடுமைக்குத் துணைபோவதாகும். இருக்கிறதைக் கொண்டு திருப்தி அடையச் சொல்லும் அறிவுரை அவருக்குப் பொருந்தாது. 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் உடல் வன்முறையோடு நிற்கவில்லை; சொல்லால் வதைப்பது, கைச்செலவுக்குப் பணம் தராமல் முடக்குவது, சம்பளத்தைப் பறிப்பது எல்லாவற்றையும் வன்முறையாகவே கணக்கில் எடுக்கிறது. 181 என்ற எண்ணை அழைக்கலாம். எந்த நேரத்திலும்.

வன்முறை இல்லாத வீட்டிலும் குறைக்கு உருவம் உண்டு. 2019-இல் தேசியப் புள்ளியியல் அலுவலகம் நடத்திய நேரப் பயன்பாட்டு ஆய்வில், கூலியில்லாத வீட்டுவேலை பார்க்கும் பெண்கள் நாளொன்றுக்கு 299 நிமிடங்களை அதில் செலவிடுவது தெரிந்தது. அந்த வேலையில் கைவைக்கும் ஆண்களுக்கு அது 97 நிமிடம். ஷூ கம்பெனியில் நாள் முழுக்கத் தைத்துவிட்டு வரும் பெண், வெங்காயம் நறுக்கும் கணவனை ரீல்ஸில் பார்த்து ஏங்குகிறார் என்றால் அந்த ஏக்கத்தின் பொருள் வேற்றுக் கணவன் வேண்டும் என்பதா? வெங்காயம் நறுக்க ஒரு கை வேண்டும் என்பது. அது கற்பனை உலகத்து ஆசை இல்லை. நூறு சதவீதம் நியாயமான, இன்று இரவே நிறைவேற்றக்கூடிய கோரிக்கை.

ஏக்கத்தைப் பெயர்த்து எடுத்தால்

சோளிங்கரில் பரம்பரையாகச் சொல்லப்படும் கதை ஒன்று இங்கே துணைக்கு வருகிறது. இந்த ஊர் தொட்டாச்சாரியார் ஆண்டுதோறும் காஞ்சிபுரத்துக்குப் போய் வரதராஜரின் வைகாசி கருட சேவையைத் தரிசிப்பவர். ஒரு வருடம் போக முடியவில்லை. தக்கான் குளக்கரையில் நின்று, காஞ்சியில் இந்நேரம் நடப்பதை நினைத்து உருகிப் பாடினார். வரதர் கருடன்மேல் அங்கேயே அவருக்குக் காட்சி கொடுத்தார் என்கிறது மரபு. காஞ்சி கருட சேவையில் அவர் பெயரால் இன்றும் ஒரு கணம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. பக்தர்களுக்கு இது தெய்வத்தின் கருணை. அதோடு இன்னொன்றும் இதில் இருக்கிறது: அவர் காஞ்சிக்குப் போனவர்களைப் பார்த்துப் பொருமவில்லை, தனக்கு வேண்டியது எதுவோ, அதைத் தரக்கூடியவரிடமே வாய்விட்டுச் சொன்னார்.

மணவாழ்விலும் அதைத்தான் செய்ய வேண்டியிருக்கிறது. “அவளுக்கு இன்னா கொறச்சல், மாசமானா சம்பளம்” என்பதைப் பெயர்த்தால், “வீட்டுக் கணக்கு எனக்கும் தெரிய வேண்டும், அடுத்த மாதத்தை நினைத்து நான் தனியாகப் பயப்படுகிறேன்” என்று வரும். “ரெண்டு பேரும் ஒண்ணா சாப்புடுறாங்க” என்பதைப் பெயர்த்தால், “வாரத்தில் ஒரு வேளையாவது உன் பக்கத்தில் உட்கார வேண்டும்” என்று வரும். “அவன் பொண்டாட்டி எதிர்த்துப் பேச மாட்டா” என்பதைப் பெயர்த்தால், “வேலையிடத்தில் அவமானப்பட்டு வருகிறேன், வீட்டில் எனக்குக் கொஞ்சம் மதிப்பு வேண்டும்” என்று வரும். முதல் வடிவத்தில் சொன்னால் எதிரில் இருப்பவர் தோற்றுப்போனவராகிறார். அவர் திருப்பி அடிப்பார். இரண்டாவது வடிவத்தில் சொன்னால் அவருக்குச் செய்ய ஒரு வேலை கிடைக்கிறது.

சொல்வது எளிதில்லை. பேச்சு பெரும்பாலும் சண்டையாகத்தான் தொடங்கும். அதற்கு அஞ்ச வேண்டாம். திருக்குறளின் 133-ஆவது, கடைசி அதிகாரத்தின் பெயர் ஊடலுவகை. இல்லறத்தைச் சொன்ன வள்ளுவர் தன் நூலை முடித்தது, கோபித்துக்கொண்டு பின்பு கூடும் இருவரின் மகிழ்ச்சியில்.

இருவரால் முடியாவிட்டால் மூன்றாவது ஆள் தேவை. வேலூரில், பாகாயத்தில், சி.எம்.சி.யின் மனநல மையம் 1957 முதல் இயங்குகிறது. நோயாளியோடு குடும்பத்தாரும் உடன் தங்கிச் சிகிச்சையில் பங்கெடுக்கும் முறையை நாட்டில் முன்னெடுத்த இடங்களில் அது ஒன்று. ஒருவரின் மனம் உடையும்போது, சுற்றி இருப்பவர்களையும் சேர்த்தே மருத்துவம் பார்க்க வேண்டும் என்ற அறிவு இந்த மண்ணிலேயே அறுபது வருடங்களுக்கு மேலாக இருக்கிறது. வீட்டிலிருந்தே பேச, அரசின் டெலி மானஸ் எண் 14416, தமிழிலேயே பேசலாம். வழக்காகிவிட்டாலும், 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம் முதலில் சமரசத்துக்கு முயல வேண்டும் என்கிறது. எல்லா முயற்சிக்குப் பிறகும் சேர்ந்து வாழ முடியாது என்று தெரிந்தால், 1976 முதல் இந்துத் திருமணச் சட்டத்தில் பரஸ்பர சம்மத விவாகரத்துக்கு இடம் இருக்கிறது. பிரிவது பாவம் இல்லை. ஆனால் பிரிவதற்கும் சேர்ந்திருப்பதற்கும் காரணம் தன் வீட்டிலிருந்தே வர வேண்டும். அடுத்த வீட்டு மாடியைப் பார்த்து எடுக்கும் முடிவு இரண்டுக்கும் உதவாது.

மலைக்குப் போகிறவர்கள் போகட்டும். அந்தப் படிகள் எத்தனையோ பேருடைய பாரத்தை இறக்கியிருக்கின்றன. போகும்போது கணவனும் மனைவியும் சேர்ந்தே போகட்டும். இறங்கி வந்தபின் ஒருவரிடம் ஒருவர் கேட்க ஒரு கேள்வி போதும்: “அந்த வீட்டைப் பார்த்து நீ ஏங்குறியே, அதுல நம்ம வீட்டுக்கு எது வேணும்?” கேட்கிறவர் பதில் முடியும்வரை குறுக்கே பேசாமல் இருக்க வேண்டும். பெரும்பாலான வீடுகளில் அந்தப் பதில் தங்கமோ மாடியோ துபாயோ இல்லை. சேர்ந்து உண்ணும் ஒரு வேளைச் சோறு, வேலையில் பாதிப் பங்கு, நாளுக்கு ஒருமுறை பெயர் சொல்லிக் கூப்பிடும் குரல். இவற்றைக் கொடுக்க எந்தக் குடும்பத்துக்கும் வசதி போதும். கொடுக்காமல் இருக்கத்தான் எந்தக் குடும்பத்துக்கும் வசதி போதாது.